பலா

பலா என்பது அத்தி, ஆல், முசுக்கொட்டை ஆகியவற்றை உள்ளடக்கிய மோரேசிக் குடும்பத்தைச் சேர்ந்த ஒரு பசுமைமாறா மரமாகும். இதன் அறிவியல் பெயர் ஆர்ட்டோகார்பசு எட்டிரோபில்லசு. தென்னிந்தியாவின் மேற்குத் தொடர்ச்சி மலையிலுள்ள வெப்பமண்டல மழைக்காடுகள் இதன் தாயகமாகக் கருதப்படுகின்றன. மரத்தில் காய்க்கும் பழங்களுள் உலகிலேயே மிகப் பெரியது பலாப்பழம். மா, வாழை ஆகியவற்றுடன் சேர்த்து இது முக்கனிகளுள் ஒன்றாக எண்ணப்படுகிறது. தமிழ்நாட்டின் மாநிலப் பழம் பலா. வங்காளதேசத்தின் தேசியப் பழமும் இதுவே. கேரள அரசு 2018ஆம் ஆண்டு மார்ச் மாதம் இதைத் தன் மாநிலப் பழமாக அறிவித்தது.

தமிழ்நாட்டில் பண்ருட்டி வட்டாரம், கொல்லிமலை, சேர்வராயன் மலை, கல்வராயன் மலை, கன்னியாகுமரி மாவட்டம் முதலிய இடங்களில் பலா வளர்க்கப்படுகிறது. பலா வித்தை உலர்த்திச் சேமிக்க இயலாது. ஒரு மரத்தின் வித்திலிருந்து அதே இயல்புடைய மரம் கிடைப்பதும் இல்லை. இவ்விரண்டு காரணங்களால் பலாவின் மரபு வளம் முழுவதும் நிலத்தில் உயிருடன் நிற்கும் மரங்களிலேயே அடங்கியுள்ளது.

அறிவியல் வகைப்பாடு

திணை: தாவரம்
வரிசை: ரோசாலேசு
குடும்பம்: மோரேசி
பேரினம்: ஆர்ட்டோகார்பசு
இனம்: ஆ. எட்டிரோபில்லசு
பெயரிட்டவர்: லாமார்க் (1789)

பெயர்

தமிழில் பலா, பலவு என்னும் இரு வடிவங்களும் பழங்காலம் முதல் வழங்குகின்றன. இதன் பிஞ்சு 'மூசு' எனப்படும். பழத்தினுள் உள்ள உண்ணத்தக்க பகுதி 'சுளை' எனவும், வித்து 'பலாக்கொட்டை' எனவும் அழைக்கப்படுகின்றன. மரத்தின் அடியில் வேரையொட்டிக் காய்ப்பது 'வேர்ப்பலா' எனப்படும்.

கன்னியாகுமரி மாவட்டத்திலும் கேரளத்திலும் பலாப்பழத்தைச் 'சக்கை' என்பர். இச்சொல்லே போர்த்துக்கீசிய மொழியில் 'சாக்கா' என மருவி, அதிலிருந்து ஆங்கிலத்தில் 'சாக்புரூட்' ஆனது. கோவாவில் 1563ஆம் ஆண்டு அச்சான போர்த்துக்கீசிய மருத்துவர் கார்சியா த ஓர்த்தாவின் நூலில் இப்பெயர் காணப்படுகிறது. 1678 முதல் 1693 வரை 12 தொகுதிகளாக ஆம்சுடர்டாமில் வெளியான 'ஓர்த்தசு மலபாரிக்கசு' என்னும் நூலிலும் பலா படத்துடன் விளக்கப்பட்டுள்ளது.

பேரினப் பெயரான ஆர்ட்டோகார்பசு, 'ரொட்டி', 'பழம்' ஆகிய பொருள்களைத் தரும் இரு கிரேக்கச் சொற்களின் சேர்க்கையாகும். எட்டிரோபில்லசு என்பதற்கு 'வேறுபட்ட இலைகளையுடையது' என்று பொருள். இளங்கன்றின் இலைகள் மடல்களாகப் பிரிந்தும், வளர்ந்த மரத்தின் இலைகள் பிரிவின்றி முழுமையாகவும் இருப்பதால் இப்பெயர் இடப்பட்டது.

தாவரவியல் விளக்கம்

பலா மரம் பொதுவாக 10 முதல் 20 மீட்டர் உயரம் வரை வளரும். இலைகள் தடித்தும், மேற்பரப்பு பளபளப்பான கரும்பச்சை நிறத்திலும் இருக்கும். மரத்தின் எல்லாப் பகுதிகளிலும் வெண்ணிறமான பிசுபிசுப்பான பால் உண்டு. நன்கு அமைந்த மரம் நூறு ஆண்டுகள் வரையும் வாழக்கூடியது.

பூவும் மகரந்தச் சேர்க்கையும்

பலாவில் ஆண் பூக்களும் பெண் பூக்களும் ஒரே மரத்தில் தனித்தனி மஞ்சரிகளாகத் தோன்றுகின்றன. ஆண் மஞ்சரிகள் பெரும்பாலும் சிறு கிளைகளிலும், பெண் மஞ்சரிகள் அடிமரத்திலும் பருத்த கிளைகளிலும் உண்டாகின்றன. இவ்வாறு அடிமரத்திலேயே பூத்துக் காய்ப்பது மழைக்காட்டு மரங்கள் பலவற்றில் காணப்படும் இயல்பாகும். கனமான பழத்தைத் தாங்குவதற்கும், காட்டின் நிழலான கீழ்ப்பகுதியில் நடமாடும் பூச்சிகளும் விலங்குகளும் எளிதில் அணுகுவதற்கும் இவ்வமைப்பு துணைபுரிகிறது.

ஆண் மஞ்சரி மகரந்தத்தைச் சொரிந்தபின் உதிர்ந்துவிடும். காய்க்கும் அனுபவம் இல்லாதோர் இதைப் பிஞ்சு உதிர்வதாகப் பிழையாக எண்ணுவதுண்டு. உதிரும் மஞ்சரியில் பூஞ்சை படர்வது இயல்பு. நெல்லைத் தாக்கும் ஆனைக்கொம்பன் ஈயின் குடும்பத்தைச் சேர்ந்த ஒரு மிகச் சிறிய ஈ, பலாவில் மகரந்தச் சேர்க்கைக்கு உதவுவதாக 2018இல் வெளியான ஓர் ஆய்வு காட்டியது. ஆண் மஞ்சரியைத் தேடிவரும் இந்த ஈ, மணத்தால் ஈர்க்கப்பட்டுப் பெண் மஞ்சரிக்கும் சென்று மகரந்தத்தைச் சேர்க்கிறது.

பழம்

பலாப்பழம் ஒரே பூவிலிருந்து உருவாவதன்று. பெண் மஞ்சரியிலுள்ள நூற்றுக்கணக்கான பூக்கள் ஒன்றாக இணைந்து உருவாகும் கூட்டுக்கனி ஆகும். தோலில் காணப்படும் ஒவ்வொரு முள்ளும் ஒரு பூவின் நுனியைக் குறிக்கிறது. கருவுற்ற பூவின் இதழ்ப்பகுதி சதைப்பற்றுடன் வளர்ந்து சுளையாகிறது. கருவுறாத பூக்கள் சுளைகளுக்கு இடையே நார் போன்ற மெல்லிய இழைகளாக எஞ்சுகின்றன. ஆகவே மகரந்தச் சேர்க்கை நன்கு நடைபெற்ற பழத்தில் சுளை மிகுந்தும், நடைபெறாத பழத்தில் நார் மிகுந்தும் இருக்கும். ஒரு பக்கம் சூம்பி வளைந்த பழங்கள் உருவாவதற்கும் அப்பகுதியிலுள்ள பூக்கள் கருவுறாமையே பொதுவான காரணமாகும்.

பழத்தின் எடை சில கிலோகிராமிலிருந்து 40 கிலோகிராமுக்கு மேலும் இருக்கலாம். பூத்தது முதல் பழுப்பதற்குச் சுமார் ஐந்து முதல் ஆறு மாதங்கள் ஆகும். தமிழ்நாட்டின் சமவெளிகளில் பங்குனி முதல் ஆடி வரை பழங்கள் கிடைக்கின்றன. மலைப்பகுதிகளில் பருவம் சற்றுப் பிந்தித் தொடங்கும். முற்றிய பழத்தைத் தட்டினால் மந்தமான ஒலி எழும். முட்கள் அகன்று தட்டையாகும். காம்பையொட்டிய இலை மஞ்சள் நிறமாக மாறும்.

வித்து

பெரும்பாலான பயிர்களின் வித்துகளை உலர்த்திப் பல ஆண்டுகள் சேமிக்கலாம். பலா வித்து அத்தகையதன்று. ஈரம் குறைந்தால் அதன் முளைப்புத்திறன் அழிந்துவிடும். ஆண்டு முழுவதும் ஈரம் நிலவும் மழைக்காட்டில் வித்து காத்திருக்கத் தேவையில்லை. விழுந்தவுடன் முளைப்பதே அதன் இயல்பு. எனவே பழத்திலிருந்து எடுத்த சில வாரங்களுக்குள் வித்தை ஊன்றிவிட வேண்டும். இக்காரணத்தால் நெல், கேழ்வரகு போன்றவற்றிற்கு அமைக்கப்படும் குளிர்பதன விதை வங்கிகள் பலாவிற்குப் பயன்படுவதில்லை.

தாயகமும் பரவலும்

மேற்குத் தொடர்ச்சி மலையின் பசுமைமாறாக் காடுகளில் பலா இயற்கையாக வளர்கிறது. யானை, கரடி, குரங்கு, மரநாய் முதலிய விலங்குகள் இப்பழத்தை உண்கின்றன. யானைகள் வித்துகளைத் தொலைவான இடங்களுக்குப் பரப்புகின்றன. இதே மலைத்தொடருக்கு மட்டுமே உரிய அயினிப்பலா, பலாவின் நெருங்கிய உறவினமாகும். ஈரப்பலா அல்லது கறிப்பலா என்பதும் இதே பேரினத்தைச் சேர்ந்தது. ஆனால் அதன் தாயகம் பசிபிக் தீவுப் பகுதியாகும். தென்கிழக்காசியாவின் முள்நாறி தோற்றத்தால் பலாவை ஒத்திருப்பினும் வேறொரு குடும்பத்தைச் சேர்ந்தது.

மிகப் பழங்காலத்திலேயே பலா இந்தியாவின் பிற பகுதிகளுக்கும், இலங்கை, வங்காளம், தென்கிழக்காசியா ஆகிய இடங்களுக்கும் பரவியது. 1782ஆம் ஆண்டு ஆங்கிலேயர் கைப்பற்றிய ஒரு பிரெஞ்சுக் கப்பலில் இருந்த கன்றுகள் வழியாக இது யமேக்காவை அடைந்தது. பிரேசிலின் இரியோ நகரையொட்டிய தியூக்கா காட்டில் பலா மிகுதியாகப் பரவி, அங்குள்ள இயல்மரங்களுக்கு இடையூறு செய்யும் அயல் மரமாகக் கருதப்படுகிறது.

கள்ளக்குறிச்சியும் கல்வராயன் மலையும்

கல்வராயன் மலை கிழக்குத் தொடர்ச்சி மலையின் ஒரு பகுதியாகும். இதன் பரப்பு ஏறத்தாழ 1,095 சதுர கிலோமீட்டர். இதன் வடபகுதி சின்னக் கல்வராயன் எனவும், தென்பகுதி பெரிய கல்வராயன் எனவும் வழங்கப்படுகின்றன. விழுப்புரம் மாவட்டத்திலிருந்து பிரிக்கப்பட்ட கள்ளக்குறிச்சி மாவட்டம் 2019ஆம் ஆண்டு நவம்பர் 26 அன்று செயற்பாட்டுக்கு வந்தது. இம்மாவட்டத்தின் மேற்கில் அமைந்துள்ள மலைப்பகுதி, வெள்ளிமலையைத் தலைமையிடமாகக் கொண்ட கல்வராயன்மலை வட்டமாக உள்ளது. கரியாலூர், சேராப்பட்டு, இன்னாடு ஆகியவை இம்மலையிலுள்ள ஊர்களுள் சில. கோமுகி, மணிமுத்தா ஆகிய ஆறுகள் இம்மலையில் உருவாகின்றன.

கல்வராயன் மலை மேற்குத் தொடர்ச்சி மலையைப் போன்ற மழைக்காட்டுப் பகுதியன்று. இங்கு இலையுதிர் காடுகளே மிகுதி. உயரமான இடங்களிலும் ஓடைக் கரைகளிலும் மட்டுமே பசுமைமாறா மரங்கள் செறிந்துள்ளன. ஆகவே இங்குள்ள பலாவை இயற்கையாக உருவான காட்டுமரம் எனக் கருதுவதற்கில்லை. வீட்டைச் சுற்றியும், வயல் வரப்புகளிலும், ஓடை ஓரங்களிலும் மக்கள் வளர்த்துவரும் மரமாகவே அது உள்ளது. சமவெளியைவிடக் குறைந்த வெப்பமும், நீர் தேங்காத மலைச்சரிவும் இம்மரத்திற்கு ஏற்றவையாக அமைகின்றன.

இம்மலையில் வாழ்வோருள் பெரும்பான்மையினர் பட்டியல் பழங்குடியினரான மலையாளிகள் ஆவர். 'மலையை ஆள்பவர்' என்னும் பொருளில் இப்பெயர் வழங்குகிறது. இவர்களுக்கும் கேரளத்தின் மலையாளிகளுக்கும் தொடர்பில்லை. காஞ்சிபுரத்திலிருந்து இம்மலைக்கு வந்ததாக இவர்களிடையே ஒரு மரபுக்கதை நிலவுகிறது. நெடுங்காலம் இம்மலை மூன்று ஜாகீர்தார்களின் ஆட்சியில் இருந்தது. 1976ஆம் ஆண்டு ஜாகீர் முறை நீக்கப்பட்டு நிலம் அரசின் நேரடி நிருவாகத்திற்கு வந்தது.

சாமை, தினை, நெல், மரவள்ளி ஆகியவற்றைப் பயிரிடுவதும், புளி, கடுக்காய், நெல்லி, தேன் ஆகியவற்றைச் சேகரிப்பதும் இம்மக்களின் தொழில்களாகும். இவற்றுடன் ஒப்பிடும்போது பலாவிற்குச் சில தனித்தன்மைகள் உண்டு. ஆண்டுதோறும் உழவும் விதைப்பும் தேவைப்படுவதில்லை. கோடையின் இறுதியில், வயலில் விளைச்சல் இல்லாத காலத்தில் இது பயன்தரத் தொடங்குகிறது. பிஞ்சு கறிக்கும், சுளை உண்பதற்கும், கொட்டை பின்னர் அவித்தோ சுட்டோ உண்பதற்கும், இலை ஆட்டுத் தீவனத்திற்கும் உதவுவதால், பழத்தை விற்காத வீட்டிற்கும் மரம் பயன்படுகிறது.

விற்பனையில் இடர்ப்பாடுகள் உள்ளன. புளியையும் கடுக்காயையும் உலர்த்தி, விலை வரும்வரை வைத்திருக்க இயலும். பழுத்த பலா மூன்று நான்கு நாள்களுக்குமேல் தாங்காது. பழம் கனமானது, அதில் உண்ணத்தக்க சுளை மொத்த எடையில் ஒரு பகுதியே. எனவே மலைப்பாதையில் ஏற்றி இறக்கும் செலவு பழத்தின் விலையில் பெரும்பங்கை எடுத்துக்கொள்கிறது. ஒரே காலத்தில் எல்லா மரங்களும் பழுப்பதால் விலையும் குறைகிறது. சாலை, மருத்துவம், கல்வி முதலிய அடிப்படை வசதிகள் இம்மலை மக்களுக்குக் கிடைக்கும் நிலை குறித்துச் சென்னை உயர் நீதிமன்றம் 2024ஆம் ஆண்டு தானாக முன்வந்து வழக்கு எடுத்து விசாரித்தது. எளிதில் அழுகும் விளைபொருளைப் பொறுத்தவரை, சாலை வசதியே அது பணமாகுமா வீணாகுமா என்பதை முடிவு செய்கிறது.

வகைகள்

சுளையின் தன்மையைக் கொண்டு பலாவை மக்கள் இருவகையாகப் பிரிப்பர்.

வருக்கை: சுளை உறுதியாகவும் மொறுமொறுப்பாகவும் இருக்கும். விற்பனைக்கும் வறுவலுக்கும் ஏற்றது.
கூழன்: சுளை குழைவாகவும் நார் மிகுந்தும் இருக்கும். சாறு, கூழ் வடிவிலான பண்டங்களுக்கு ஏற்றது.

இவை தனித்தனிச் சிற்றினங்கள் அல்ல. பலா அயல் மகரந்தச் சேர்க்கையால் காய்ப்பது. ஆகவே ஒரே பழத்தின் கொட்டைகளை ஊன்றினாலும் முளைக்கும் ஒவ்வொரு மரமும் சுளையின் நிறம், இனிப்பு, மணம், காய்க்கும் பருவம், பழத்தின் அளவு ஆகியவற்றில் வேறுபடும்.

தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் பாலூர் 1, பாலூர் 2, பேச்சிப்பாறை 1 ஆகிய வகைகளை வெளியிட்டுள்ளது. பாலூர் வகைகள் பண்ருட்டி வட்டாரத்து உழவர்களின் மரங்களிலிருந்து தேர்ந்தெடுக்கப்பட்டவை ஆகும்.

வளர்ப்பு

நீர் தேங்காத ஆழமான செம்மண், வண்டல் கலந்த மண் ஆகியவை பலாவிற்கு ஏற்றவை. வேர்ப்பகுதியில் நீர் தேங்கினால் மரம் பட்டுவிடும். கன்றுகளை 8 முதல் 10 மீட்டர் இடைவெளியில் நடலாம். ஆணிவேர் எளிதில் சேதமடைவதால், வித்தை நேரடியாகக் குழியில் ஊன்றுவதும், நெகிழிப் பைகளில் வளர்த்துச் சிறு பருவத்திலேயே நடுவதும் வழக்கம். முதல் இரண்டு மூன்று ஆண்டுகள் கோடையில் நீர் ஊற்றுவது தேவை.

வித்திலிருந்து வளர்ந்த மரம் காய்க்க ஏழு, எட்டு ஆண்டுகள் ஆகும். ஒட்டுக்கன்று மூன்று, நான்கு ஆண்டுகளில் காய்க்கத் தொடங்கும். ஒட்டுக்கட்டுவதால் தாய்மரத்தின் இயல்பு மாறாமல் கிடைக்கிறது. பூஞ்சையால் ஏற்படும் இளங்காய் அழுகலும், தண்டு மற்றும் காய்த்துளைப்பான் புழுவும் பலாவைத் தாக்குவனவற்றுள் முதன்மையானவை. அழுகிய காய்களை மரத்திலிருந்து அகற்றி அழிப்பது நோய் பரவாமல் தடுக்கும்.

கொல்லிமலை, சேர்வராயன் மலை போன்ற இடங்களில் பலா மரத்தின்மீது மிளகுக் கொடி ஏற்றப்படுகிறது. இதனால் ஒரே இடத்தில் இருவகை விளைச்சல் கிடைக்கிறது.

பயன்கள்

உணவு

100 கிராம் பலாச்சுளையில் ஏறத்தாழ 95 கிலோகலோரி ஆற்றலும், 23 கிராம் மாவுச்சத்தும், 1.7 கிராம் புரதமும், 448 மில்லிகிராம் பொட்டாசியமும், 13.7 மில்லிகிராம் உயிர்ச்சத்து 'சி'யும் உள்ளன. பிஞ்சைப் பொரியல், கூட்டு, குழம்பு ஆகியவற்றில் பயன்படுத்துவர். முற்றிய காயின் சுளையை எண்ணெயில் வறுத்து வறுவல் செய்வர். பழத்தை அறுக்கும்போது கையிலும் கத்தியிலும் எண்ணெய் தடவிக்கொண்டால் பால் ஒட்டாது.

கொட்டையில் மாவுச்சத்து மிகுதி. பச்சைக் கொட்டையில் புரதச் செரிமானத்தைத் தடுக்கும் பொருள்கள் இருப்பதால் அதை அவித்தோ சுட்டோதான் உண்ண வேண்டும். கொட்டையிலிருந்து பிரித்தெடுக்கப்படும் சாக்கலின் என்னும் புரதம் நோயெதிர்ப்பியல் ஆய்வுகளில் பயன்படுகிறது. இளங்காயின் நார்த்தன்மை இறைச்சியை ஒத்திருப்பதால், அண்மைக் காலத்தில் மேலை நாடுகளில் இது இறைச்சிக்கு மாற்றாக விற்கப்படுகிறது.

மரம்

பலாவின் வைரம் மஞ்சள் நிறமுடையது. கறையான் எளிதில் அரிக்காதது. கதவு, நிலை, அறைகலன்கள் செய்யப் பயன்படுகிறது. தஞ்சாவூர் வீணை பலா மரத்திலிருந்தே செய்யப்படுகிறது. மிருதங்கத்தின் கட்டையும் பெரும்பாலும் பலாவே. வைரத்திலிருந்து எடுக்கப்படும் மஞ்சள் சாயம் பௌத்தத் துறவிகளின் ஆடைகளுக்குச் சாயமேற்றப் பயன்பட்டு வந்துள்ளது.

இலக்கியத்திலும் பண்பாட்டிலும்

சங்க இலக்கியத்தில் பலா குறிஞ்சி நிலத்திற்குரிய மரமாகப் பேசப்படுகிறது. குறுந்தொகையின் 18ஆம் பாடலில் கபிலர், சிறு கொம்பில் தொங்கும் பெரிய பலாப்பழத்தைத் தலைவியின் சிறிய உயிரும் பெரிய காதலும் ஆகியவற்றுக்கு உவமையாக்குகிறார். புறநானூற்றின் 109ஆம் பாடலில் அவரே, பாரியின் பறம்பு மலையில் உழவர் உழாமல் கிடைக்கும் நான்கு விளைவுகளாக மூங்கில் நெல், பலாப்பழம், வள்ளிக்கிழங்கு, தேன் ஆகியவற்றைக் குறிப்பிடுகிறார். முற்றுகைக் காலத்திலும் மலைமக்களைத் தாங்கக்கூடிய உணவாகப் பலா அங்கு எண்ணப்பட்டுள்ளது.

திருக்குற்றாலத்தின் தலமரம் குறும்பலா ஆகும். திருஞானசம்பந்தர் குறும்பலாவின்மீது தனிப் பதிகம் பாடியுள்ளார்.

இலங்கையில் பலா பஞ்சகாலத்தில் சோற்றுக்கு மாற்றாக உதவிய மரமாகும். ஆர்தர் வி. டயசு என்பவர் அந்நாட்டில் பலாக்கன்றுகளைப் பெருமளவில் நட இயக்கம் நடத்தியதால் சிங்களத்தில் 'பலா மாமா' எனப் பொருள்படும் பெயரால் அழைக்கப்பட்டார். அங்கு 1951ஆம் ஆண்டின் 9ஆம் எண் மரந்தறித்தல் கட்டுப்பாட்டுச் சட்டப்படி, சொந்த நிலத்திலுள்ள பலாவைத் தறிப்பதற்கும் அனுமதி பெற வேண்டும்.

மரபு வளமும் பாதுகாப்பும்

பலா அழிவாய்ப்புள்ள இனம் அன்று. எனினும் இனம் நிலைத்திருந்தாலும் அதனுள் அடங்கிய வேறுபாடுகள் மறையக்கூடும். வித்தைச் சேமிக்க இயலாமையாலும், வித்திலிருந்து தாய்மரத்தின் இயல்பு திரும்பக் கிடைக்காமையாலும், ஒட்டுக்கட்டப்படாத ஒரு நல்ல மரம் வெட்டப்பட்டால் அதன் சுவையும் இயல்பும் அம்மரத்தோடு முடிந்துவிடுகின்றன.

2011ஆம் ஆண்டு டிசம்பர் 30 அன்று கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையே கரையைக் கடந்த தானே புயலில் பண்ருட்டி வட்டாரத்தின் பலா, முந்திரித் தோப்புகள் பெருமளவில் வீழ்ந்தன. பல ஆண்டுகள் வளர்ந்த மரங்கள் ஓரிரவில் அழிந்தன. புதிய கன்றுகளை நட இயலும் எனினும், அவை காய்க்கப் பல ஆண்டுகள் ஆகும். வீழ்ந்த மரத்தின் பழத்தையே தரும் என்பதற்கும் உறுதியில்லை. புயல் மட்டுமன்றி விலையும் மரத்தின் ஆயுளை முடிவு செய்கிறது. பழம் விலைபோகாமல் அழுகும் இடத்தில், வைரம் பாய்ந்த முதிய மரம் கட்டைக்காக விற்கப்படும் வாய்ப்பு மிகுதி.

இதற்கு மாறான எடுத்துக்காட்டு கருநாடகத்தின் துமக்கூரு மாவட்டத்தில் உள்ளது. அங்கு ஓர் உழவரின் நிலத்தில் இருந்த ஒற்றை மரத்தின் பழம் சிறியதாகவும், சுளை செம்மை நிறமாகவும் இருந்தது. பெங்களூருவை அடுத்த எசரகட்டாவிலுள்ள இந்தியத் தோட்டக்கலை ஆராய்ச்சி நிலையம் அதை ஆராய்ந்து, 'சித்து' என்னும் பெயரில் ஒட்டுக்கன்றுகளாகப் பெருக்கியது. கன்று விற்பனையின் வருவாயில் பெரும்பங்கு மரத்தின் உரிமையாளருக்கே செல்லுமாறு ஒப்பந்தம் செய்யப்பட்டது. இதனால் மரத்தைக் காப்பது உரிமையாளருக்கே வருவாய் தருவதாயிற்று.

கல்வராயன் மலை போன்ற இடங்களில் வித்திலிருந்து முளைத்து வளர்ந்த மரங்கள் ஒவ்வொன்றும் தனித்தன்மை உடையவை. சிறந்த சுளையுடையவை, பருவம் தவறிக் காய்ப்பவை, வறட்சியைத் தாங்குபவை ஆகியவற்றை ஊர்மக்களின் துணையுடன் அடையாளங்கண்டு ஒட்டுக்கட்டுவது அவற்றைக் காப்பதற்கான எளிய வழியாகும். எந்த வீட்டு மரத்தின் பழம் இனிக்கும், எது முந்திப் பழுக்கும் என்பன போன்ற செய்திகள் பெரும்பாலும் ஊரிலுள்ள முதியோருக்கே தெரிந்தவை. எனவே மரங்களைப் பதிவு செய்யும்போது இவ்வறிவையும் சேர்த்துப் பதிவு செய்தல் வேண்டும்.

இவற்றையும் பார்க்கவும்

அயினிப்பலா
ஈரப்பலா
கல்வராயன் மலை
குறிஞ்சித் திணை
முக்கனி